22 நிமிஷத் தூக்கம்

திருவனந்தபுரத்துக்குள் நுழைகிறவர்கள் கைக்கடிகாரத்தைக் கழற்றி வேட்டி மடியில் முடிந்துகொள்வது நல்லது. விளையாட்டுக்குச் சொல்லவில்லை, கணக்குப் போட்டே காட்டுகிறேன். நாம் சுவரில் மாட்டி வைத்திருக்கிற இந்திய நேரம், உத்தரப் பிரதேசத்தில் மிர்சாபூர் பக்கமாகப் போகும் 82.5 பாகைத் தீர்க்கரேகையின் நேரம். திருவனந்தபுரம் கிடப்பது ஏறக்குறைய 77 பாகையில். பாகைக்கு 4 நிமிஷம் வீதம் கழித்தால் 22 நிமிஷம் உதைக்கிறது. ரேடியோ பன்னிரண்டு அடிக்கும்போது இந்த ஊர்ச் சூரியன் இன்னும் 22 நிமிஷத் தூக்கம் பாக்கி வைத்திருக்கிறான். டெல்லியும் அதே தீர்க்கரேகைதானே என்று பூகோள வாத்தியார்கள் கை தூக்குவார்கள். உண்மைதான். ஆனால் அங்கே அந்த 22 நிமிஷத்தை அரசியலுக்குச் செலவழிக்கிறார்கள். இங்கே முறைப்படி தூங்குகிறார்கள்.

மலையாளத்தில் மத்தியானத் தூக்கத்துக்கு உச்சமயக்கம் என்று பெயர். சோறு, மோர், பாய். அது எல்லா ஊரிலும் இருக்கிறதுதான். இந்த ஊருக்கு மேலே மொத்தமாகப் போர்த்தியிருக்கிற பெரிய மயக்கம் ஒன்று உண்டு. அதைக் கண்டுபிடித்தவர் என் பாட்டா. சாலைக் கடைத்தெருவில் கயிறும் சாக்கும் விற்றவர். நாஞ்சில் நாட்டிலிருந்து வந்து நாற்பது வருஷம் ஆகியும் ஒரு மலையாள வாக்கியத்தை முழுசாக முடித்தறியாதவர். நேற்று கடன் வாங்கியவன் அதைப் போன ஓணத்துக்கே கொடுத்துவிட்டதாகச் சாதித்தாலும் சரி, செத்துப்போனவர் பெயருக்கு வரி நோட்டீஸ் வந்தாலும் சரி, பாட்டா சொல்லும் காரணம் ஒன்றுதான்.

"சாமி பொரண்டு படுத்திருக்காருலே மக்கா."

அதாவது, இந்த ஊரும் நாமும் கடைத்தெருவும் அங்கே பத்மநாபசுவாமி கோயிலில் படுத்திருக்கிறவரின் கனவு. அவர் இடப்பக்கம் புரண்டால் நூறு வருஷம் இந்தப் பக்கம் சரியும், வலப்பக்கம் புரண்டால் அந்தப் பக்கம். கலைந்ததை விடிவதற்குள் யாராவது அடுக்கி வைப்பார்கள். அடுக்கும்போது ஒன்றிரண்டு இடம் மாறிவிடும். அவ்வளவுதான் சரித்திரம். இதைவிட நல்ல வரலாற்றுத் தத்துவத்தை நான் பிற்பாடு எந்தப் புத்தகத்திலும் படிக்கவில்லை. பெருமாளைக் கிண்டல் செய்கிறேன் என்று யாரும் கோபப்பட வேண்டாம். நமக்கு நிந்தாஸ்துதி என்று ஒரு வசதி இருக்கிறது. திட்டுகிற மாதிரி கும்பிடலாம். காளமேகம் போட்டுக்கொடுத்த பாதை.

முதலில் அவர் படுத்த கதை. திவாகர முனிவர் பூஜையில் உட்கார்ந்திருக்கிறார். எங்கிருந்தோ வந்த குழந்தை ஒன்று சாளக்கிராமத்தை எடுத்து வாயில் போட்டுக்கொள்கிறது. குழந்தைகள் செய்கிற காரியம்தான். முனிவர் அதட்டினார். குழந்தை கோபித்துக்கொண்டு, பார்க்க வேண்டுமானால் அனந்தன்காட்டுக்கு வா என்று சொல்லி ஓடிவிட்டது. முனிவர் காடு காடாக அலைந்து கடைசியில் வந்து சேர்ந்தார். அவர் கண்ணெதிரே ஓர் இலுப்பை மரம் சாய்ந்தது, சாய்ந்த மரம் பெருமாளாகப் படுத்தது. படுத்ததென்றால் சாதாரணப் படுக்கை இல்லை. தெற்கே திருவல்லத்தில் தலை, நடுவே இந்த ஊரில் உந்தி, வடக்கே கழக்கூட்டத்துப் பக்கம் திருப்பாப்பூரில் பாதம். இவ்வளவு பெரியவரை எப்படிச் சுற்றி வந்து கும்பிடுவது? முனிவர் தன் கையிலிருந்த தண்டத்தைக் காட்டி, சுவாமி, இதில் மூன்று மடங்கு நீளத்துக்குச் சுருங்கக் கூடாதா என்று கேட்டார். கடவுளிடம் போய் வரம் கேட்காமல் அளவு குறைக்கச் சொன்ன ஒரே பக்தர் இவராகத்தான் இருக்கும். அவரும் மறுபேச்சில்லாமல் சுருங்கினார். கையில் வேறு ஒன்றும் இல்லாததால் முனிவர் மாங்காயைத் தேங்காய்ச் சிரட்டையில் வைத்துப் படைத்தார். சந்நிதியில் உப்பு மாங்காய் நைவேத்தியம் இன்றைக்கும் உண்டு. முதல் நாள் கொடுத்த பட்சணத்தையே பிள்ளை கடைசிவரை கேட்கும் என்று வீட்டுப் பெரியவர்களுக்குத் தெரியும்.

கதையில் பாதம் இருந்த கழக்கூட்டத்துப் பக்கம் 1990இல் டெக்னோபார்க் வந்தது. அமெரிக்காக்காரன் விழித்திருக்கும் நேரத்துக்கு இங்கே பிள்ளைகள் விழித்திருக்கிறார்கள். உந்தி உறங்குகிறது, பாதத்தில் யாருக்கும் தூக்கமில்லை. அவருக்குக் கால் மரத்துப்போயிருக்கும் என்பது என் அனுமானம். தலையைத் தெற்கே வைத்துத்தான் படுத்திருக்கிறார், அதையும் கவனிக்க வேண்டும். வடக்கே தலை வைக்காதே என்று எந்தப் பாட்டி அவரைக் கண்டித்தாளோ.

நம்மாழ்வார் அனந்தபுரத்தைப் பாடிய காலத்திலேயே அவர் படுத்துத்தான் இருந்தார். 1686இல் கோயில் தீப்பிடித்தபோதும் எழுந்து உட்காரவில்லை. பிற்பாடு மார்த்தாண்ட வர்மர் வந்து எடுத்துக் கட்டினார். கண்டகி ஆற்றிலிருந்து 12,008 சாளக்கிராமம் கொண்டுவந்து, கடுசர்க்கரை யோகம் என்கிற பழைய சாந்துக் கூட்டில் பதித்து, 18 அடி நீளத்துக்கு மறுபடி படுக்க வைத்தார்கள். குழந்தை வாயில் போட்டது ஒன்று. அசலும் வட்டியுமாகத் திரும்பி வந்தது 12,008.

இந்த மார்த்தாண்ட வர்மர் சாமானியப்பட்டவர் இல்லை. இளவயதில் எட்டுவீட்டுப் பிள்ளைமார் துரத்த, நெய்யாற்றின்கரையில் ஒரு பலா மரப் பொந்துக்குள் ஒளிந்து தப்பியதாகக் கதை. 1729இல் பட்டத்துக்கு வந்தார். 1741இல் குளச்சலில் டச்சுக்காரர்களைத் தோற்கடித்து, பிடிபட்ட டிலனாயையே தன் படைக்கு வாத்தியாராக்கிக்கொண்டார். எதிரியிடம் சம்பளம் வாங்கி எதிரிக்கே கவாத்து சொல்லிக்கொடுத்த அந்த மனுஷர் உதயகிரிக் கோட்டையில்தான் புதைந்திருக்கிறார். பிறகு காயங்குளம், அம்பலப்புழை என்று ஒவ்வொன்றாக உருட்டிச் சேர்த்தார். சேர்த்த கணக்கில் ரத்தம் கொஞ்சம் தூக்கலாக இருந்தது. இதை என்ன செய்வது?

கொல்லம் ஆண்டு 925, மகர மாதம் 5. நமக்கு 1750 ஜனவரி. ஒற்றைக்கல் மண்டபத்தில் உடைவாளைக் கொண்டுவந்து வைத்தார் ராஜா. அன்று நடந்த பேச்சுவார்த்தையைப் பாட்டா நேரில் பார்த்த மாதிரிச் சொல்வார்.

"சாமி, ராஜ்யத்தை எடுத்துக்கிடணும்."

பதில் இல்லை.

"இதுவரைக்கும் நடந்த சண்டை, அதிலெ விழுந்த தலை, பாவ புண்ணியம் எல்லாம் சேத்துத்தான்."

பதில் இல்லை.

"மறுப்பில்லைன்னா சம்மதம்னு எழுதிக்கிடட்டா?"

அப்போதும் பதில் இல்லை. கணக்கப்பிள்ளை எழுதிக்கொண்டார். வாளை வைத்த கையாலேயே திரும்ப எடுத்துக்கொண்டு, இனி நான் பத்மநாப தாசன், முதலாளிக்காக ஆள்கிறேன் என்று ராஜா வெளியே வந்தார். கடன்காரன் வருவதற்குள் வீட்டை மனைவி பேருக்கு எழுதிவிட்டுத் திண்ணையில் தானே உட்கார்ந்திருக்கிற வித்தை நமக்குத் தெரியாததா? அதன் ராஜாங்கப் பதிப்பு இது. இனி திருவிதாங்கூர் மேல் படையெடுக்கிறவன் பெருமாள் மேல் படையெடுக்கிறான். வரி பாக்கி வைக்கிறவன் பெருமாளுக்கு வைக்கிறான். திருப்படிதானம் என்று பெயர். உலகத்தில் ராஜாக்கள் தூங்கியதால் போன ராஜ்யங்கள் எத்தனையோ. தூங்குகிறவர் பேருக்கு எழுதியதால் 200 வருஷம் நிலைத்த ராஜ்யம் இது ஒன்றுதான் எனக்குத் தெரிய.

முதலாளி தூங்கினாலும் கச்சேரியில் வருகைப் பதிவு கறார். ராஜா தினமும் காலையில் வந்து முகம் காட்ட வேண்டும், வராத நாளுக்கு அபராதம். கோயில் நிர்வாகத்துக்கு ஒரு சபை, எட்டரை யோகம். எட்டுப் பேருக்கு ஆளுக்கொரு ஓட்டு, அந்த அரை ஓட்டு ராஜாவுடையது என்பார்கள். நாட்டையே ஆளுகிறவருக்கு இங்கே பஸ்ஸில் அரை டிக்கெட்.

அடுத்த புரளலில் காலம் இன்னும் விபரீதமாக மடங்கியது. 1813இல் ஸ்வாதித் திருநாள் பிறந்தார். அவருக்குக் கர்ப்ப ஸ்ரீமான் என்று பட்டப்பெயர். வாரிசில்லாமல் ராஜ்யத்தைக் கும்பினி விழுங்கிவிடுமோ என்று ஊரே வயிற்றைப் பிடித்துக்கொண்டிருந்ததால், பிள்ளை வயிற்றிலிருக்கும்போதே ராஜாவாகிவிட்டது. பிறந்து நாலு மாசத்தில் முறைப்படி அறிவிப்பு. பிறக்குமுன்பே வேலை கிடைத்த ஆசாமி. இன்றைக்கு எந்தத் தேர்வாணையத்தாலும் முடியாது. அரசவைக் கவி இரயிம்மன் தம்பி அவரைத் தூங்கவைக்க ஒரு தாலாட்டு எழுதினார். கேரளத்தில் இன்னமும் தொட்டில்தோறும் அந்தப் பாட்டுத்தான். ராஜ்யத்தின் உண்மையான ராஜா ஏற்கனவே தூக்கம், பொறுப்பு ராஜாவையும் தூங்கவைக்க அரசாங்கச் செலவில் சாகித்தியம். இந்த ஊர் தன் வேலையில் தெளிவாகத்தான் இருந்திருக்கிறது.

1829இல் பதினாறு வயதில் பொறுப்பேற்ற அந்தப் பையன்தான் இந்த மயக்கத்தைக் கலைக்க முதலில் முயன்றவர். ஆலப்புழையில் திருவிதாங்கூர் அரசின் வியாபாரப் பிரதிநிதியாக ஜான் கால்டிகாட் என்று ஒரு வெள்ளைக்காரர். ஏலக்காய் மிளகு போன நேரம் போக வானத்தைப் பார்த்துக்கொண்டிருந்தார். ராஜா அவரைப் பிடித்து, 1837இல் திருவனந்தபுரத்தில் குன்றின் மேல் ஒரு வானாய்வுக்கூடம் கட்டிக்கொடுத்தார். ஊரார் அதை நட்சத்திர பங்களா என்றார்கள். கால்டிகாட் அங்கே நொடிகளை எண்ணிக்கொண்டிருக்க, அதே ராஜாவின் அவையில் ஷட்கால கோவிந்த மாரார் என்று ஒருவர் நொடிகளை மடித்துக்கொண்டிருந்தார். பாடகர்கள் ஒரு பல்லவியை மூன்று காலத்தில் பாடுவார்கள். மாரார் ஆறு காலத்தில் பாடுவார். ஒரே தாளக்கட்டுக்குள் ஒன்று, இரண்டு, நான்கு, எட்டு, பதினாறு, முப்பத்திரண்டு. தொலைநோக்கிக்கும் பல்லவிக்கும் போட்டி என்று வைத்துக்கொண்டால் இந்த ஊரில் எது ஜெயித்தது என்று சொல்லத் தேவையில்லை. திருவனந்தபுரத்தில் கச்சேரி கேட்க இன்றும் ஆள் இருக்கிறது.

ராஜா தனக்கென்று கட்டிய மாளிகையின் கூரைக்குக் கீழே 122 மரக் குதிரைகள் வரிசையாகத் தாங்கி நிற்கின்றன. குதிரை மாளிகை என்று பெயர். 122 குதிரை இருந்தும் ஒன்றும் ஓடாது. எல்லாம் பாய்கிற நிலையிலேயே கண்ணைத் திறந்துகொண்டு தூங்குகின்றன. அதை ஒட்டி, பத்மதீர்த்தக் குளத்தைப் பார்த்த மாதிரி, கருவேலப்புரை மாளிகையின் நெற்றியில் இந்த ஊரின் பெரிய தமாஷ் மாட்டியிருக்கிறது. மேத்தன் மணி.

எனக்கு அப்போது ஏழு வயது. பாட்டா சாயங்காலம் கடையைப் பையனிடம் விட்டுவிட்டு, என் கையைப் பிடித்துக் கிழக்கேகோட்டைக்குக் கூட்டிப்போவார். குளத்துப் படிக்கட்டில் பாசி மணம். வேர்க்கடலைப் பொட்டலத்தை என் கையில் கொடுத்துவிட்டு, "மேலெ பாத்துக்கிட்டே இரு, கண்ணெ மூடினா போச்சு" என்பார். கடிகார வட்டத்துக்கு மேலே தாடி வைத்த ஒரு மனுஷ முகம். வட்டக் கண், சாயம் பூசிய கன்னம். இரண்டு பக்கமும் கன்னத்துக்கு நேரே குறிவைத்து இரண்டு ஆடு. நான் கடலையை மெல்லாமல் வாயில் வைத்துக்கொண்டு நிற்பேன். முள் நகர்வது தெரியாது, ஆனால் நகர்ந்திருக்கும். திடீரென்று மணி அடிக்கும். ஆடுகள் இரண்டும் பாய்ந்து கன்னத்தில் முட்டும். முகம் வாயைப் பிளக்கும், மூடும். முட்டு, பிளப்பு, முட்டு, பிளப்பு. நின்றுவிட்டால் மறுபடியும் அந்த அசட்டு அமைதி. என் வாயும் அதனோடு சேர்ந்து பிளந்திருந்திருக்க வேண்டும், கடலை கீழே விழுந்துகிடக்கும்.

"வலிக்காதா பாட்டா?" என்று கேட்டேன்.

"எலே, நல்லாப் பாரு. அவன் அழுதானா? கொட்டாவில்லா விடுகான்!"

அன்றிலிருந்து எனக்கு அது கொட்டாவியாகத்தான் தெரிகிறது. நேரம் சொல்வதற்கென்று ஒரு கருவியைச் செய்து, அதன் உச்சியில் மணிக்கொரு தரம் கொட்டாவி விடும் முகத்தை வைத்தவன் இந்த ஊர்க்காரனாகத்தான் இருக்க முடியும். உள்ளூர்க் கைவினைஞர் ஒருவர்தான் செய்தார் என்றும் சொல்கிறார்கள். அது யார் முகம் என்பதற்கு ஆளுக்கொரு கதை, எதையும் நம்ப வேண்டாம். மேத்தன் என்பது அந்தக் காலத்தில் முஸ்லிம்களை ஊரார் அழைத்த பெயர். இன்று மனுஷர்களை அப்படிக் கூப்பிட்டால் நன்றாக இருக்காது, கடிகாரம் மட்டும் அதைச் சுமந்துகொண்டு பேசாமல் இருக்கிறது.

இதைவிடத் துல்லியமான கடிகாரம் எதிரே இருக்கிறது. கோயிலின் ஏழு நிலைக் கோபுரம். மார்ச்சிலும் செப்டம்பரிலும் பகலும் இரவும் சமமாகும் நாளில், மேற்கே இறங்குகிற சூரியன் கோபுரத்தின் நடு வாசல்களில் ஒவ்வொன்றாகத் தெரிந்து தெரிந்து போவான். வருஷத்துக்கு இரண்டு நாள் மட்டும் ஓடும் கடிகாரம். அதற்கு மேல் ஓட வேண்டிய அவசியமும் இல்லை.

கால்டிகாட்டுக்குப் பிறகு 1852இல் ஜான் ஆலன் பிரௌன் என்ற ஸ்காட்லாந்துக்காரர் நட்சத்திர பங்களாவுக்கு வந்தார். இவர் கண் வானத்தைவிடக் காந்த ஊசி மேலேதான். நம் அகத்தியர் தவம் செய்கிற பொதிகை மலை உச்சிக்குக் கருவிகளைச் சுமந்துகொண்டு போய், காற்றிலும் மழையிலும் குடிசை போட்டு அளந்தார். அகத்தியர் என்ன நினைத்திருப்பார்? தமிழுக்கு இலக்கணம் எழுதி முடித்து நிம்மதியாக உட்கார்ந்தால், ஊசியோடு ஒருவன். பிரௌனை இந்த ஊருக்கு இழுத்தது எது என்று படித்தபோதுதான் பாட்டாவை மனசுக்குள் கும்பிட்டேன். ஒரு காந்த ஊசியை மேலும் கீழும் ஆடும்படி நடுவில் தொங்கவிட்டால், துருவப் பக்கம் செங்குத்தாக நிற்கும். லண்டனில் நன்றாகச் சரிந்து நிற்கும். காந்த நடுக்கோட்டுக்கு வந்ததும் அப்படியே மட்டமாகப் படுத்துவிடும். அந்தக் கோடு திருவனந்தபுரத்தை ஒட்டித்தான் ஓடியது.

ஊசிகூட இந்த ஊருக்கு வந்தால் படுத்துக்கொள்கிறது!

அதே காரணத்துக்காகத்தான் நூறு வருஷம் கழித்து விக்ரம் சாராபாய் ராக்கெட் விடத் தும்பாவைத் தேர்ந்தெடுத்தார். காந்த நடுக்கோட்டுக்கு மேலே வானத்தில் ஓடும் மின்னோட்டத்தை ஆராய வேண்டும். கடற்கரையில் இருந்தது ஒரு மாதா கோயில். ஆயர் பீட்டர் பெர்னார்ட் பெரைரா சபையாரைக் கேட்டார், சபையார் விட்டுக்கொடுத்தார்கள். மகதலேனா மரியாள் தேவாலயம் அலுவலகமாயிற்று. 1963 நவம்பர் 21 மாலை, நைக்கி அப்பாச்சி என்ற அமெரிக்க ராக்கெட் தென்னைகளுக்கு மேலே போய்ச் சோடியம் ஆவியை விட, வானம் நிறம் மாறியது. ராக்கெட் பாகத்தைச் சைக்கிள் கேரியரில் வைத்துத் தள்ளிக்கொண்டு போகும் புகைப்படத்தை எல்லாரும் பார்த்திருப்பார்கள். அது எந்த நூற்றாண்டின் படம்? சைக்கிளைப் பார்த்தால் ஒன்று, பின்னால் இருப்பதைப் பார்த்தால் இன்னொன்று. பாட்டாவைக் கேட்டால் ஒரே வார்த்தையில் முடித்திருப்பார்.

விண்வெளிக்காரர்கள்கூட அவர் தூக்கத்துக்குக் குறுக்கே வரவில்லை. குறுக்கே வந்தது விமான நிலையம்தான். சங்குமுகம் கடற்கரைக்கும் கோயிலுக்கும் நடுவே 1930களில் ஓடுதளம் முளைத்தது. ஆனால் வருஷத்துக்கு இரண்டு தடவை ஐயா கடலுக்குக் குளிக்கப் போவது அதே வழியில். என்ன செய்வது? ஓடுதளம் ஒதுங்கிக்கொண்டது. ஆறாட்டு அன்று சுமார் ஐந்து மணி நேரம் விமானம் இறங்காது, ஏறாது. உலகம் முழுக்க விமானிகளுக்கு முன்கூட்டியே அறிவிப்புப் போகிறது. வாளேந்திய ராஜகுடும்பத் தலைவர் முன்னே நடக்க, யானைகளும் சுவாமிகளும் ஓடுதளத்தைக் கடக்கிறார்கள். முந்தின நாள் ராத்திரி பள்ளிவேட்டை. அதற்குப் போகும் ஊர்வலத்தில் மேளமில்லை, பேச்சில்லை, கோட்டைக்குள் ஓர் இளநீரைக் குறிவைத்து அம்பு விட்டுவிட்டு வருவார்கள். தூங்குகிறவரை வேட்டைக்குக் கூட்டிப்போனால் சத்தம் போடாமல்தான் போக வேண்டும்.

அந்த இரண்டு திருவிழாவுக்கும் பெயர் என்ன தெரியுமா? அல்பசி, பைங்குனி. மலையாள மாசக் கணக்கில் துலாம், மீனம் என்றுதான் வரும். ஐப்பசியும் பங்குனியும் நம்முடையவை. விழித்திருக்கும்போது யார் எந்த மொழியும் பேசலாம். தூக்கத்தில் உளறுகிறவன் தாய்மொழியில்தான் உளறுவான். இதற்கு மேல் நான் ஒன்றும் சொல்லவில்லை, சொன்னால் இரண்டு மாநிலத்திலும் அடி விழும்.

மாநிலம் என்றதும் 1956 ஞாபகம் வருகிறது. நவம்பர் 1ஆம் தேதி நாஞ்சில் நாட்டைத் தமிழ்நாட்டோடு சேர்த்தார்கள். அரிசி அந்தப் பக்கம் போயிற்று, சோறு உண்கிறவர்கள் இந்தப் பக்கம் நின்றார்கள். பழைய தலைநகர் பத்மநாபபுரத்து அரண்மனை இருப்பது கன்னியாகுமரி மாவட்டத்தில், சாவி இருப்பது கேரள அரசிடம். இந்த ஏற்பாடுகளெல்லாம் மனுஷர்களுக்கு. நவராத்திரி வந்தால் பத்மநாபபுரத்துச் சரஸ்வதியும், வேளிமலைக் குமாரசுவாமியும், சுசீந்திரம் முன்னுதித்த நங்கையும் புறப்பட்டு, ஸ்வாதித் திருநாள் காலத்து வழக்கப்படி திருவனந்தபுரம் வருகிறார்கள். அந்தச் சரஸ்வதி கம்பர் பூசித்த விக்கிரகம் என்பது ஐதீகம். களியக்காவிளையில் ஒரு மாநிலப் போலீஸ் மரியாதை செய்து ஒப்படைக்க, இன்னொரு மாநிலப் போலீஸ் மரியாதை செய்து ஏற்றுக்கொள்கிறது. மூன்று பேரும் பத்து நாள் தங்கி, கச்சேரி கேட்டுவிட்டுத் திரும்பிப் போகிறார்கள். 1956ஐப் பற்றி அவர்களிடம் யாரும் சொல்லவில்லை போலிருக்கிறது.

நானும் ஒரு புரளலில் சிக்கியிருக்கிறேன். பாட்டா கரமனையில் எட்டு சென்ட் நிலம் வாங்கிய கிரயப் பத்திரம் என்னிடம் இருக்கிறது. தேதி 1098. கொல்லம் ஆண்டு, 825இல் தொடங்குவது. ஆக 1098 என்றால் 1922க்கும் 1923க்கும் இடையில். ஓர் அலுவலகத்தில் கொடுத்தேன். அதைக் கணினியில் ஏற்றிய பையன் 1098ஐ அப்படியே கி.பி.யாக ஏற்றிவிட்டான். குலோத்துங்க சோழன் ஆட்சியில் என் பாட்டா கரமனையில் நிலம் வாங்கினார், நான் அவர் பேரன். என் வயதென்ன என்று யோசித்துப் பார்க்கிறேன். திருத்திக்கொடுங்கள் என்று போய் நின்றபோது நாற்காலியில் ஆள் இல்லை, முதுகில் துண்டு மட்டும் தொங்கியது. பக்கத்து மேஜையில் சொன்னார்கள், "இப்போ வராம்." மலையாளத்தில் அதற்கு இதோ வந்துவிடுகிறேன் என்று அர்த்தம். திருவனந்தபுரத்தில் அதற்கு எந்த அர்த்தமும் உண்டு. நான்காவது நடையில் ஒருவர் கனிவாகச் சொன்னார், இவ்வளவு பழைய பத்திரத்துக்கு மதிப்பு ஜாஸ்தி, அப்படியே விட்டுவிடுங்கள். கல்வெட்டு கல்வெட்டாகப் படித்து வேணாட்டு அரசர்களுக்குக் காலம் குறித்த மனோன்மணீயம் சுந்தரம் பிள்ளை இதே ஊரில்தான் பேராசிரியராக இருந்தார். நாற்பத்திரண்டு வயதில் போய்ச் சேர்ந்துவிட்டார். எனக்குக் காரணம் புரிகிறது.

இந்த ஊரில் தமிழ் எழுதியவர்களுக்கும் இது ஒட்டிக்கொள்ளும். நீல பத்மநாபன் 1970இல் எழுதிய நாவலுக்கு 'பள்ளிகொண்டபுரம்' என்றே பெயர். அனந்தன் நாயர் இரண்டே நாள் இந்தத் தெருக்களில் நடக்கிறார், அதற்குள் அவருடைய ஆயுசு முழுக்கத் திரும்பி ஓடிவிடுகிறது. கும்பகோணத்தில் பிறந்து இங்கே வந்த நகுலன், மார் இவானியோஸ் கல்லூரியில் ஆங்கிலம் சொல்லிக்கொடுத்துவிட்டு வீட்டில் நவீனன் என்று இன்னொரு ஆளாகி உட்கார்ந்து எழுதினார். அதில் ஒன்று 'நினைவுப்பாதை'. அதைப் படித்துவிட்டு வெளியே போனால் சாலைக் கடைத்தெருவுக்கு எப்படிப் போவது என்று வழி கேட்க வேண்டியிருக்கும். புதுமைப்பித்தன் 1948 ஜூன் 30 அன்று இந்த ஊரில்தான் கண்ணை மூடினார். தன் கதையில் கடவுளைப் பிராட்வே முனையில் நிறுத்தி ஓட்டலில் காப்பி குடிக்கவைத்தவர், கடைசியில் கடவுள் தூங்குகிற ஊருக்கு வந்து சேர்ந்தார். இதில் மட்டும் எனக்குச் சிரிப்பு வரவில்லை.

2011 ஜூன் கடைசியில் உச்ச நீதிமன்றம் சொல்லி நிலவறைகளைத் திறந்தார்கள். பொன்னும் மணியுமாக வந்துகொண்டே இருந்தது. லட்சம் கோடி என்று பத்திரிகைகள் கூவின. தலையணைக்குக் கீழே சில்லறை வைத்துப் படுக்கிற பழக்கம் நம் பாட்டிகளுக்கு உண்டு, இது அந்த வகை என்று நினைத்துக்கொண்டேன். 'பி' அறையை மட்டும் திறக்கவில்லை. பாம்பு, சாபம், கடல் உள்ளே வந்துவிடும் என்று தொலைக்காட்சிகள் ஒரு வாரம் வயிறு வளர்த்தன. வழக்கு இழுத்து இழுத்து 2020 ஜூலையில் தீர்ப்பு வந்தது. ராஜகுடும்பத்துக்குக் கோயிலைப் பார்த்துக்கொள்ளும் உரிமை உண்டு, 'பி' அறையைப் பற்றிக் குழு முடிவு செய்துகொள்ளட்டும். இந்த வழக்கின் அடியில் ஒரு சட்டச் சங்கதி படுத்திருக்கிறது. இந்தியச் சட்டத்தில் கோயில் தெய்வம் என்பது என்றென்றைக்கும் மைனர். அதனால்தான் சார்பில் நிற்க யாராவது பெரியவர் வேண்டும். 1750இல் ராஜ்யத்தையே ஏற்றுக்கொண்ட சக்கரவர்த்தி, 2020இல் வயசுக்கு வராத பிள்ளை. ஆரம்பத்தில் அவர் குழந்தையாகத்தான் வந்தார், சாளக்கிராமத்தை வாயில் போட்டுக்கொண்டு. சுற்றி அங்கேயே வந்துவிட்டார்.

போன மாசம் பேரனைக் கூட்டிக்கொண்டு போனேன். ஆறு வயது, பெங்களூர்ப் பிள்ளை. சட்டையைக் கழற்றி வேட்டி கட்டிவிட்டதில் தலைகால் புரியாமல் ஆடினான். செல்போன், கடிகாரம் எல்லாவற்றையும் வெளியே கொடுத்து வில்லை வாங்கிக்கொண்டோம். உள்ளே மணி பார்க்க வழியில்லை. ஒற்றைக்கல் மண்டபத்தில் ஏறினால் மூன்று வாசல். முதல் வாசலில் முகமும், சிவலிங்கத்தின் மேல் தொங்கும் கையும். நடு வாசலில் உந்தியும் தாமரையும் பிரம்மாவும். மூன்றாவதில் பாதம். நடுநடுவே சுவர் மறைக்கும், எந்த இடத்தில் நின்றாலும் முழுசாகப் பார்க்க முடியாது. எண்ணெய் விளக்கு வெளிச்சத்தில் கறுப்பின் மேல் கறுப்பாகத்தான் முதலில் தெரியும். கண் பழகுவதற்குள் பின்னாலிருந்து தள்ளுவார்கள்.

மூன்றாவது வாசலில் பேரன் என் இடுப்பு வேட்டியைப் பிடித்து இழுத்தான்.

"தாத்தா, கால் கட்டைவிரல் அசைஞ்சுது."

"விளக்கு ஆடியிருக்கும்டா."

"இல்ல தாத்தா. அசைஞ்சுது. எந்திரிக்கப் போறாரு."

முன்னால் நின்ற அம்மாள் திரும்பிப் பார்த்தாள். நான் அவன் வாயைப் பொத்தித் தூக்கிக்கொண்டு படி இறங்கினேன். பிரகாரத்துத் தூண் விளக்குப் பெண்களெல்லாம் எங்களையே பார்க்கிற மாதிரி இருந்தது. பத்து நிமிஷத்தில் வெளியே வந்துவிட்டதாக என் நினைப்பு. மணி அடிக்கிற சத்தம் கேட்டு எதிரே பார்த்தேன், ஆடுகள் முட்டி, தாடிக்காரர் நிதானமாகக் கொட்டாவி விட்டுக்கொண்டிருந்தார். பதினொன்று. நாங்கள் உள்ளே போகும்போது எட்டரை.

வில்லையைக் கொடுத்துச் செல்போனை வாங்கினேன். பேரன் எட்டிப் பார்த்தான்.

"தேதியும் சரியா இருக்கான்னு பாருங்க தாத்தா."

பார்த்தேன்.